கனாத்தின்னிக்குத் தீனி

இனிமேல் இந்த வீட்டில் யாரும் கனவு காணக் கூடாது என்று இருதயநாதன் முடிவெடுத்தார். யாரும் என்றால் அவருடைய மனைவி சகாயசெல்விதான். அந்தமானில், போர்ட் பிளேரின் டெய்ரி ஃபார்ம் பகுதியில் இருந்த அந்தச் சின்ன வீட்டில் அவர்கள் இரண்டு பேரைத் தவிர வேறு யாரும் இல்லை.

அவர் படகு என்ஜின் மெக்கானிக். கரையில் நிற்கிற படகுக்கு மட்டும். கடலுக்குள் போனால் என்ஜினுக்கு முன்னால் அவர் பழுதாகிவிடுவார். கல்யாணம் முடிந்து போர்ட் பிளேருக்குக் கப்பலேறியபோது வழி முழுக்கப் புதுப்பெண்தான் வாளி பிடித்தாள். அன்றிலிருந்து மெயின்லேண்ட் என்று கடலுக்கு அந்தப்பக்கத்து ஊர்ப்பேச்சை யாராவது எடுத்தாலே அவர் கண் வாளியைத் தேடும்.

செல்வி எதையும் நேராகக் கேட்கிறவள் இல்லை. கனவு காண்பாள். தூத்துக்குடியில் தங்கை வீடு கட்டியபோது ஒரு கனவு. தங்கைக்குப் பிள்ளை பிறந்தபோது ஒரு கனவு. இப்போது அந்தப் பிள்ளைக்குப் பல் முளைத்திருந்தது.

"ஏங்க, அந்தோணியார் வந்தாரு."

"எங்க?"

"கனவுலதான். கையில இருந்த பிள்ளை அப்படியே எந்தங்கச்சி பிள்ளை ஜாடை. 'செல்வி, நீ ஏன் ஊருப்பக்கமே வரமாட்டேங்குற'ன்னு கேட்டாரு."

"இந்தியில கேட்டாரா, தமிழ்லயா?"

"நம்மூர்த் தமிழ்லதான்."

மனைவியிடம் மறுத்துப் பேசுவதே பெரிய காரியம். அந்தோணியாரிடம் எப்படி மறுப்பது?

மறுநாள் அவர் ஒரு கட்டையோடு வீட்டுக்கு வந்தார். கடல் அடித்து ஒதுக்கிய கட்டை. பன்றிக்கு இருப்பதுபோல் மூக்கு, மூன்று கால். வாய் இருக்க வேண்டிய இடத்தில் வரிசையாக ஆணி.

"என்னது இது?"

"கனாத்தின்னி. ரங்கத் காட்டுச் சரக்கு. தலைமாட்டுல வச்சா வர்ற கனவையெல்லாம் தின்னுரும். உனக்கும் தூக்கம் கெடாது."

செல்வி அதைத் தூக்கித் திருப்பிப் பார்த்தாள். "புனிதரைத் திங்கலாமா? பாவமில்ல?"

"அவரைத் திங்காது. கனவை மட்டும் தின்னுட்டு அவரை வந்த வழியே அனுப்பிரும்."

"பல்லெல்லாம் ஆணி மாதிரி இருக்கே."

"காட்டுப் பல்லு அப்படித்தான் இருக்கும்."

விடிந்ததும் முதல் வேலையாகக் கேட்டார். "கனவு வந்துச்சா?"

"இல்லங்க. அடிச்சுப் போட்ட மாதிரி தூங்கிட்டேன்."

அன்றைக்குப் பெரிய சூரை மீனாகப் பார்த்து வாங்கிவந்தார். அதற்கடுத்த நாளும் கனவு இல்லை. கனாத்தின்னியின் மேல் அவருக்கே ஒரு பாசம் வந்துவிட்டது. போகிறபோக்கில் முதுகில் தட்டிக் கொடுத்தார்.

பக்கத்து வீட்டு செல்லம் பார்க்க வந்தாள். "அண்ணே, எங்களுக்கும் ஏக் பீஸ் கொண்டாங்க. எங்க வீட்டுக்காரரு தினமும் கனவுல மாடி கட்டுறாரு. காலையில எந்திரிச்சு, நாந்தான் இடிச்சுட்டேன்னு சண்டைக்கு வர்றாரு."

கூட ஒரு ஆள் சேர்ந்தால் இருதயநாதனுக்கு வாய் நீண்டுவிடும்.

"லேசுப்பட்ட மிருகம் இல்ல, செல்லம். தினமும் தீனி வேணும். வீட்டுல ஒரு ஆளாவது படுத்துத் தூங்கியே ஆகணும். வீட்டைப் பூட்டிட்டு ஊருக்குப் போனோம்னு வை, பசியில தெருவையே கடிச்சிரும்."

செல்லம் இரண்டடி பின்னால் போனாள்.

"அப்ப வீட்டைப் பூட்டவே கூடாதா?" என்றாள் செல்வி.

"கூடவே கூடாது."

"டீக் ஹை."

சரி என்கிற அந்த 'டீக் ஹை' கொஞ்சம் சீக்கிரமாக வந்துவிட்டதாக அவருக்குப் பட்டது.

ஒருநாள் காலையில் எழுந்தால் டீ இல்லை. செல்வியும் இல்லை. வெயில் ஏறியபிறகு, கோயிலுக்குக் கட்டுகிற சேலையில், குடையை மடக்கிக்கொண்டு உள்ளே வந்தாள்.

"எங்க போன?"

"கப்பல் டிக்கெட் கவுண்டருக்கு. கனவு இல்லையா, விடியறதுக்கு முன்னாடியே முழிப்பு வந்துருது. சும்மா கிடக்குறதுக்கு வரிசையில போய் நின்னேன். நாந்தான் முதல் ஆளு."

"யாரைக் கேட்டு?"

"எப்பவும் அந்தோணியாரு கேப்பாரு. இப்ப அவரு வர்றதில்ல. நானே கேட்டு, நானே சரின்னுட்டேன்."

"வீட்டைப் பூட்டக் கூடாதே!"

"ஏன் பூட்டணும்? நீங்க இருக்கீங்கல்ல. படுத்து நல்லா கனவு காணுங்க. ஒரு மாசந்தான்."

ஒரு மாசம். இருதயநாதன் அடுப்பைப் பார்த்தார். சுவரோரம் சுருட்டி வைத்திருந்த இரண்டு பாயையும் பார்த்தார். முன்பு ஒரு சாவுக்காக அவள் ரங்கத் போய்த் தங்கினாள். அவர் இரண்டு பாயையும் விரித்து, ஒன்றில் படுத்து, இன்னொன்றைப் பார்த்துக்கொண்டே கிடந்தார். விடிந்ததும் முதல் பஸ் பிடித்துப் போய், முகம்கூடத் தெரியாத மனிதருக்காக ஓரமாக நின்று அழுதார்.

"செல்வி, அது வெறும் கட்டை."

"அப்படியா?"

"நாந்தான் ஆணி அடிச்சேன்."

"அப்படியா?"

"கடல்லயே தூக்கிப் போட்டுருவோம். நானும் வாரேன்."

"கப்பல் உங்களுக்கு ஒத்துக்காதே."

"அது அப்போ. இப்ப ஒத்துக்கும்."

"வாந்தி வருமே."

"வந்தா வந்துட்டுப் போகுது! என்னையும் கூட்டிட்டுப் போ, செல்வி."

சொல்லி முடித்த பிறகுதான், கெஞ்சுவது யார் என்பது அவருக்கு உறைத்தது.

செல்வி கைப்பையைத் திறந்தாள். தீவுக்காரர்கள் டிக்கெட் எடுக்கக் காட்ட வேண்டிய ஐலண்டர் கார்டு, அவருடையதை எடுத்து அவரிடமே நீட்டினாள். அதற்கடியில் இரண்டு டிக்கெட்.

"உங்களுக்கு பாத்ரூம் பக்கத்து பெர்த்தா கேட்டு வாங்கியிருக்கேன்."