மாமரத்தில் எழுதியிருந்தது

படிக்கத் தெரியாததையெல்லாம் சூனியம் என்று நம்புகிற குடும்பம் எங்களுடையது. முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். (அதில் பட்டதாரி நான் ஒருவன்தான். அன்றைக்குச் சுரண்டியதும் நான்தான்.)

ஒரு ஞாயிற்றுக்கிழமை, புனேயில் எங்கள் கட்கியிலிருந்து சிஞ்ச்வட்டுக்குப் பெண் பார்க்கப் போனோம். லோக்கல் ரயில் அதிசயமாக நேரத்துக்கு வந்து தொலைத்ததால், ஐந்தேகாலுக்கே பெண் வீட்டு அபார்ட்மென்ட் சொசைட்டிக்குள் நின்றோம். ஆறு மணி வரை ராகுகாலம். "இப்ப படி ஏறினா உருப்பட்ட மாதிரிதான்" என்று அம்மா எங்களைக் கீழே மாமரத்தடியில் நிறுத்திவிட்டாள். எனக்கு ஏற்கெனவே ஏழு இடம் தட்டிப்போயிருந்தது. அந்தப் பெண் சுகன்யாவின் போட்டோவைப் பார்த்த நாளிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. இதுவும் போனால் சாமியார்தான் என்று முடிவு செய்திருந்தேன்.

அப்போது அம்மா மரத்தைப் பார்த்தாள். வெளிறிய பட்டையில், உள்ளங்கை அகலத்துக்கு, குட்டிக் குட்டிக் கறுப்புக் கிறுக்கல்கள்.

"ஏங்க, இது என்ன பாஷை?"

ஃபேக்டரியில் பல ஊர்க்காரர்களோடு வேலை பார்த்த அப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "தெலுங்கு மாதிரி இருக்கு. நஹி நஹி, உருதுவோ?"

நான் இடமிருந்து படித்தேன், வலமிருந்து படித்தேன். ஒன்றும் புரியவில்லை. ஆனாலும் புரிந்தவன்போல உதட்டை அசைத்தேன்.

"ரெண்டு பேருக்கும் தெரியலன்னா இது செய்வினைதான். கல்யாணத்த தடுக்க எவனோ எழுதி வெச்சிருக்கான். சுரண்டுடா!"

"அம்மா, பாகல் மாதிரி, பைத்தியம் மாதிரி பேசாத."

"எட்டாவதும் போகட்டுமா?"

வீட்டுச் சாவியால் சுரண்டினேன். உள்ளே பச்சையாக வந்தது. சூனியம் பச்சையாகவா இருக்கும் என்று குழம்பினேனே தவிர, கையை நிறுத்தவில்லை.

ஆறு அடித்ததும் மேலே போனோம். பஜ்ஜி, கேசரி எல்லாம் ஆன பிறகு, தனியாகப் பேசட்டும் என்று எங்கள் இருவரையும் பால்கனிக்கு அனுப்பினார்கள்.

"அந்த மாமரம் தெரியுதா? என் பிஎச்டி அதுலதான் இருக்கு" என்றாள் சுகன்யா.

"மரத்துலயா?"

"லைக்கன். மசாலாவுல போடுவோமே கல்பாசி, அந்த வகை. இது பட்டைல எழுத்து மாதிரியே வளரும். காட்டுல இருக்கறது இந்த ஊர்ப் புகைல எப்படிப் பிழைக்குதுன்னு மூணு வருஷமா அளக்கறேன். வாங்க, காட்டறேன்."

"இருட்டிடுமே" என்றேன். ஆறரை ஆகியும் கோடை வெயில் பளீரென்று அடித்துக்கொண்டிருந்தது.

மரத்தடியில் அவள் அப்படியே நின்றுவிட்டாள். கண் கலங்கியது. "யாரு பண்ணது?"

'யாராவது பசங்களா இருக்கும்' என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "நான்தான்" என்று வந்துவிட்டது.

"எதுக்கு?"

"நம்ம கல்யாணம் நடக்கணும்னு."

நடந்ததைச் சொன்னேன். அவள் முகத்தை மூடிக்கொண்டாள். தோள் குலுங்கியது. அழுதாளா, சிரித்தாளா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது, கேட்கவும் பயம். பிறகு மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "மிச்சம் இருக்கறதையாவது தொடாம இருப்பீங்களா?" என்றாள்.

"சத்தியமா."

கல்யாணம் நடந்தது. அவள் ஆய்வேடும் வந்தது. நன்றிப் பக்கத்தில் அப்பா, அம்மா, வாட்ச்மேன் வரை எல்லோரும் இருந்தார்கள். நான் இல்லை. பொறுக்காமல் முழுவதையும் புரட்டினேன். சேதங்களைப் பற்றிய அத்தியாயத்தில் ஒரு வரி: 'ஒரு பாலூட்டி சுரண்டியதால் மாதிரியின் பாதி அழிந்தது.'

அன்றிலிருந்து இரண்டு வீட்டிலும் எனக்கு அதுதான் பெயர். "பாலூட்டிக்கு இன்னும் கொஞ்சம் சாம்பார் ஊத்து" என்று சொல்லிவிட்டு விழுந்து விழுந்து சிரிப்பது யார் தெரியுமா? சுரண்டச் சொன்ன எங்கம்மா!