அம்புஜ மண்டலம் உச்சிக்கு வந்த நாள்

"ஏனுங்க, அம்புஜ மண்டலத்தக் கண்டுபுடிச்சவரு நீங்கதானுங்களா?"

கேட்டவர் தோளில் ஒரு குலை இளநீர். பின்னால் ஒரு அம்மாள், கையில் முருங்கைக்காய்க் கட்டு. பீளமேட்டில் ஒரு பம்புசெட்டுக் கம்பெனியில் காலண்டர் வேலையைப் பார்த்துக்கொள்ளும் ரங்கராஜுக்கு, குடித்த டீ மூக்கில் ஏறியது.

கண்டுபிடித்தது அவரேதான். அதுதான் வினை.

கம்பெனி வருஷா வருஷம் விவசாயிகளுக்குக் கொடுக்கும் தினக் காலண்டரில், தாளுக்குத் தாள் அடியில் ஒரு அறிவியல் துணுக்கு வரும். ரங்கராஜ் மாங்குமாங்கென்று முந்நூற்று அறுபத்தைந்து எழுதிக் கொடுத்துவிட்டார். 1996 லீப் வருஷம் என்பது மனுஷனுக்கு மறந்தே போச்சு. அச்சாபீஸிலிருந்து போன் வந்தது.

"சார், பிப்ரவரி இருபத்தொம்பது மொட்டையா நிக்குதுங்க. மெஷின் ஓடிட்டிருக்குது. அஞ்சு நிமிசத்துல ஏதாச்சும் சொல்லுங்க."

அன்று காலையில்தான் மனைவி அம்புஜம், அவள் அம்மா, அவள் தங்கை மூன்று பேரும் அவரை நடுவில் உட்காரவைத்துப் பேசியிருந்தார்கள். வாயில் வந்ததைச் சொல்லிவிட்டார்.

'அம்புஜ மண்டலம்: ஒன்றையொன்று சுற்றும் மூன்று சூரியன்கள். அங்கே இருட்டு கிடையாது, ஓய்வும் கிடையாது. விஞ்ஞானிகள் வியக்கிறார்கள். நான்கு ஆண்டுக்கு ஒருமுறை இன்று உச்சிக்கு வரும். இந்நாளில் நம் முன்னோர் கிணறு வெட்டினர்.'

கடைசி வரி, பம்புக் கம்பெனி காலண்டராச்சே என்று சேர்த்தது.

"நான் மயில்சாமிங்க, அன்னூருப் பக்கம். இது ஊட்டுக்காரி பழனாத்தாள். அஞ்சு போர் போட்டமுங்க, அஞ்சும் புழுதி. ஆறாவத இருபத்தொம்பதாந் தேதி போடறமுங்க. அதும் பொய்ச்சுப்போச்சுன்னா, தோட்டத்தக் குடுத்துப்போட்டுத் திருப்பூர்ல பனியன் மடிக்கத்தான் போவோணும். சாமியாட்டம் உங்க நட்சத்திரம் கண்ணுல பட்டுதுங்க!"

ரங்கராஜ் டீ கிளாஸைக் கீழே வைத்தார். உண்மையைச் சொல்லலாம் என்றால் முதலாளி அறைக் கதவு திறந்தே கிடக்கிறது. அந்தத் துணுக்கைத்தான் அவர் கூப்பிட்டுப் பாராட்டியிருந்தார்.

"அது வந்துங்க... அன்னூர்ல சரியாத் தெரியாதுங்க. தேதியத் தள்ளிப் போட்டீங்கன்னா..."

"எப்பிடிங்க? நாலு வருசத்துக்கு ஒருக்காத்தானுங்க வருது?"

பழனாத்தாள் மெதுவாகக் கேட்டாள். "தெரியாட்டிப் போவுதுங்க. கெழக்கு வேலியோரம், கரையான் புத்துக்கு நேரா வருமுங்களா?"

"ஆமாங்க, ஆமாங்க." அவர்களை அனுப்பினால் போதும் ரங்கராஜுக்கு.

"பாத்தியா புள்ள!" என்றார் மயில்சாமி. "நம்ம தோட்டத்துல புத்து இருக்கறது இங்க உக்காந்தே தெரியுது இவருக்கு!"

அடுத்த வாரம் ஒரு மூட்டை நிலக்கடலையோடு வந்தார்கள். ரங்கராஜ் தயாராக இருந்தார்.

"மோசம் போச்சுங்க. மூணு சூரியன்ல ஒண்ணு அவிஞ்சுபோச்சாமா. இந்தத் தடவ பலிக்காதுங்க."

மயில்சாமி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். பழனாத்தாள் மட்டும் யோசித்தாள்.

"ஒண்ணுதானுங்க அவிஞ்சுது? புத்துக்கு வடக்கால மூணடி தள்ளிப் போட்டா ஈடாயிருமுங்களா?"

மயில்சாமியின் முகத்தைப் பார்க்க முடியாமல், "ஆயிருமுங்க" என்றார் ரங்கராஜ்.

நாலே நாளில் சேதி வந்தது. அவிந்துபோன சூரியனுக்காக ஊர் மாரியம்மன் கோயிலில் விளக்குப் போட்டிருக்கிறார்கள். மயில்சாமியின் கன்றுக்குட்டிக்கு அம்புஜம் என்று பெயர். அதே தேதிக்கு இன்னும் நாலு தோட்டத்துக்காரர்கள் போர் வண்டி கேட்டு அலைகிறார்கள்.

ரங்கராஜுக்குச் சோறு இறங்கவில்லை. இருபத்தொன்பதாம் தேதி காலை லீவு சொல்லிவிட்டு அன்னூர் பஸ் ஏறினார்.

தோட்டத்துக்குள் நுழையும்போதே போர் வண்டி உறுமிக்கொண்டிருந்தது. வெள்ளைப் புழுதி பனைமர உயரத்துக்கு எழுந்தது.

"நிறுத்துங்க!" ரங்கராஜ் ஓடினார். "அம்புஜம்ங்கறது என்ற ஊட்டுக்காரி பேருங்க! அவ அம்மாளும் தங்கச்சியும்தான் மத்த ரெண்டு சூரியன்! எல்லாம் நானா எழுதிப்போட்டதுங்க!"

மயில்சாமி வண்டியை நிறுத்தச் சொன்னார். புழுதி அடங்கும்வரை ரங்கராஜையே பார்த்தார். கண் கலங்கிவிட்டது அவருக்கு.

"இத்தன பெரிய நட்சத்திரத்தக் கண்டுபுடிச்சுப்போட்டு, உங்க பேர வெக்காம ஊட்டுக்காரி பேர வெச்சிருக்கீங்க பாருங்க. நீங்க மனுசனே இல்லீங்க, தெய்வம். ஓட்டுப்பா வண்டிய!"

ரங்கராஜ் வரப்பில் உட்கார்ந்து தலையில் கை வைத்துக்கொண்டார். இருநூறு அடி, புழுதி. முந்நூறு அடி, புழுதி. மயில்சாமி துண்டை வாயில் கடித்துக்கொண்டு நின்றார். முந்நூற்று எண்பதில் புழுதியின் நிறம் மாறியது. அடுத்த நிமிஷம் மண்ணும் சகதியுமாகத் தண்ணீர் பீறிட்டு அடித்து, ரங்கராஜின் சட்டை, கண்ணாடி, தலை எல்லாவற்றையும் நனைத்தது.

மயில்சாமி அவரைக் கட்டிக்கொண்டு சின்னக் குழந்தை மாதிரி அழுதார். "திருப்பூரு போவ வேண்டியதில்லீங்க, போவ வேண்டியதில்லீங்க" என்று அதையே சொன்னார். ரங்கராஜுக்கும் அழுகை வந்தது. நட்சத்திரமே இல்லாத பகல் வானத்தைப் பார்த்து, யாரிடம் என்று தெரியாமல் ஒரு கும்பிடு போட்டார்.

ஆனாலும் மனசு உறுத்தியது. முந்தானையைப் பிழிந்துகொண்டிருந்த பழனாத்தாளிடம் போனார்.

"அம்மணி, நீங்களாச்சும் நம்புங்க. வானத்துல அப்பிடி ஒண்ணுமே இல்லீங்க."

பழனாத்தாள் புருஷன் இருந்த பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டு, ஈரக் கையைக் கூப்பினாள்.

"அது மொத நாளே தெரியுமுங்க, அஞ்சு போருக்கு முன்னால இருந்து நான் இந்தப் புத்துப் பக்கத்தத்தான் காட்டுறேன், ஊட்டுக்காரி சொன்னா ஆருங்க கேக்கறாங்க, அதான் உங்க நட்சத்திரத்தச் சொல்ல வெச்சனுங்க."