திவசத்தன்று ஒரு கன்ட்ரி பாட்டு

ஒரு பாட்டு ஓகோவென்று ஓடிவிட்டால் அப்புறம் அதை யாரும் நிம்மதியாக இருக்க விடமாட்டார்கள். கிட்டார் வைத்திருக்கிற அத்தனை பேரும் தங்கள் இஷ்டத்துக்கு அதைத் திருப்பிப் பாடி வைப்பார்கள். மெல்பன் வந்த புதிதில் அப்படி ஒரு பாட்டில்தான் நான் வகையாக மாட்டிக்கொண்டேன்.

அது ஒரு பழைய கன்ட்ரி பாப் பாட்டு. ஒரு காலத்தில் இலங்கை ரேடியோவில் சக்கைப்போடு போட்டதாம். (எங்கள் திருச்சி வீட்டில் ஆங்கிலப் பாட்டு வந்தால் ரேடியோ ரிப்பேர் என்று அப்பா தலையில் தட்டுவார். ரேடியோவின் தலையில்தான்.) கதை பெரிதாக ஒன்றுமில்லை. சின்ன ஊர். ஒருத்தி விடியற்காலையில் பஸ் ஏறிப் போய்விடுகிறாள். அவளைக் காதலித்தவன் வாசலில் நின்று, ஒரு வார்த்தை சொல்லாமல் போய்விட்டாயே என்று பாடுகிறான். அந்த வரிக்குப் பிறகு பாட்டு ஒரு கணம் நின்று, மறுபடி தொடங்கும்.

பின்னால் ஒரு பெண்மணி அதைப் பியானோவோடு அழுதபடி பாடினார். ஒரு கோஷ்டி அதையே நடனப் பாட்டாக்கியது. வார்த்தையே இல்லாத ஒன்று சூப்பர்மார்க்கெட்டில் தக்காளி பொறுக்கும்போது கேட்கும். நான் அறிந்தது இவை எதுவுமில்லை. மல்கிரேவில் எங்கள் அலுவலகத்துக்குப் பக்கத்து பப்பில் வெள்ளிக்கிழமைகளில் ஒரு உள்ளூர் இசைக்குழு அதை நான்கு மடங்கு வேகத்தில் வாசிக்கும். பாட்டு நிற்கிற அந்த இடத்தில் பப்பே கிளாசைத் தூக்கி, போன பெண்ணைப் பார்த்து, 'போ, போய்த் தொலை' என்ற அர்த்தத்தில் ஆங்கிலத்தில் கத்தும், நடுவில் ஒரு கெட்ட வார்த்தையையும் செருகி. அதுவும் பாட்டில் உள்ள வரி என்றே நான் நம்பிக்கொண்டிருந்தேன். எல்லோரையும்விட உரக்கக் கத்துவேன். குடியுரிமைத் தேர்வு எழுதாமலே ஆஸ்திரேலியன் ஆகிவிட்டதாக ஒரு நினைப்பு.

மாதங்கியை அந்த நாட்களில்தான் சந்தித்தேன், காதலும் வந்தது. யாழ்ப்பாணக் குடும்பம், கிளேட்டனில் வீடு. அவளுடைய அம்மா இறந்து ஒரு வருடம் ஆகப்போகிறது. அப்பாவுக்கு, அதாவது அங்கிளுக்கு, இந்தியாக்காரப் பையன் என்றதும் முகம் சுருங்கிவிட்டது. அவர் சம்மதிக்காமல் அவரைத் தனியே விட்டுவிட்டு வரமாட்டேன் என்று மாதங்கி தெளிவாகச் சொல்லியிருந்தாள். அதனால் ஆண்டுத் திவசத்துக்கு என்னை அழைத்ததில் ஒரு திட்டம் இருந்தது. குசினியில் (சமையலறையைத்தான் அப்படிச் சொல்வார்கள்) வேலை செய்யும்போதெல்லாம் அம்மா முணுமுணுக்கும் பாட்டு ஒன்று உண்டு. சாப்பாட்டுக்குப் பிறகு அதை நான் பாடினால் அப்பா இளகிவிடுவார். இதுதான் திட்டம்.

எந்தப் பாட்டு என்று கேட்டேன். சொன்னாள். சந்தோஷத்தில் எனக்குத் தலைகால் புரியவில்லை. கண்ணை மூடிக்கொண்டு பாடுவேன் என்றேன். கேட்டுப் பழகுங்கள் என்று பழைய ஒலிப்பதிவின் இணைப்பை அனுப்பினாள். திறந்தேன். விளம்பரம் வந்தது. தெரிந்த பாட்டுதானே என்று மூடிவிட்டேன்.

திவசத்தன்று காலையிலிருந்து மழை. ஐயர் வந்து செய்ய வேண்டியதைச் செய்துவிட்டுப் போனார். தேவாரம் பாடினார்கள். மரக்கறிச் சாப்பாடு முடிந்து அன்ரிமார் எல்லாரும் கதிரைகளில் உட்கார்ந்திருந்தார்கள். மாலை போட்ட படத்துக்குப் பக்கத்தில் அங்கிள் இருந்தார். நான் எழுந்து தொண்டையைச் செருமினேன். பெரியவர்கள் இருக்கிற இடமாயிற்றே என்று மெதுவாகத்தான் தொடங்கினேன். ஒரு அன்ரி சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார். அங்கிள் தலையைக் குனிந்துகொண்டார். ஆகா, ஆள் விழுந்துவிட்டார் என்று எனக்குள் ஒரு குதூகலம்.

அந்த இடம் வந்தது. கையில் இருந்த தண்ணீர்த் தம்ளரைத் தூக்கினேன். படத்தைப் பார்த்தேன். போ, போய்த் தொலை என்று முழுக் குரலில் ஆங்கிலத்தில் கத்தினேன். (கெட்ட வார்த்தையை மட்டும் நாகரிகம் கருதி எடுத்துவிட்டேன். அந்தப் பண்பை இன்றுவரை யாரும் பாராட்டவில்லை.)

யாரும் அசையவில்லை. மாதங்கிக்கு மச்சாள் முறையாகும், பல்கலைக்கழகத்தில் படிக்கும் ஒரு பெண் மட்டும் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினாள். அவளுக்கு அந்த பப் தெரிந்திருக்க வேண்டும். நானோ அந்த அமைதியை உருக்கம் என்று எடுத்துக்கொண்டேன். இரண்டாம் சரணத்தையும் பாடி, அந்த இடத்தில் முன்னைவிட உரக்கக் கத்தினேன்.

அங்கிள் எழுந்து குசினிக்குள் போனார். குழாய் திறக்கும் சத்தம் கேட்டது. கழுவி வைத்த பாத்திரங்களை எடுத்து மறுபடியும் கழுவிக்கொண்டிருந்தார்.

என்னை வீட்டில் விடுவதற்காக மாதங்கி காரை எடுத்தாள். பாதி வழி வந்ததும் கேட்டாள்.

"அந்த லிங்கை ஓப்பன் பண்ணிக் கேட்டனீங்களா?"

விளம்பரம் வந்தது என்ற உண்மையைச் சொன்னேன். ஒரு பஸ் நிறுத்தத்தில் காரை நிறுத்தி இறங்கச் சொன்னாள். இறங்கினேன்.

மழைக்கு ஒதுங்கி அங்கேயே உட்கார்ந்து முதல்முறையாக அந்தப் பாட்டைக் கேட்டேன். அந்த மனிதர் அவசரமே இல்லாமல் பாடுகிறார். நான் கத்திய இடத்தில் ஒன்றுமே இல்லை. அவர் மூச்சு வாங்குவது மட்டும் கேட்கிறது. என்னை நானே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது. அழுதேன் என்றும் சொல்லிவிடுகிறேன், அதில் என்ன வெட்கம்.

அந்தக் குளிர்காலம் முழுவதும் கிளேட்டன் பக்கமே நான் தலைகாட்டவில்லை. மாதங்கி எப்போதாவது போன் செய்வாள், கல்யாணப் பேச்சை மட்டும் எடுக்கமாட்டாள். அப்பா உங்களைப் பற்றி ஒன்றும் கதைப்பதில்லை என்பாள். திட்டியிருந்தால்கூடத் தேவலை.

குளிர் விட்டதும் ஒரு ஞாயிற்றுக்கிழமை, என்ன ஆனாலும் சரி, மன்னிப்பு கேட்டே தீருவது என்று போனேன். அங்கிள் முன்பக்கத்தில் புல்வெட்டும் மெஷினோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். முழங்கால் உயரத்துக்குப் புல். திவசத்துக்கு முன்பிருந்தே வெட்டவில்லை என்று பார்த்தாலே தெரிந்தது. என்னைக் கண்டதும், "தம்பி, இதை ஒருக்காப் பிடியும்" என்றார். பிடித்தேன். கயிற்றை இழுத்து இழுத்துப் பார்த்தார். மெஷின் கிளம்பவில்லை. மன்னிப்பைச் சொல்ல நான் வாயைத் திறப்பதற்குள் அவர் புல்லைப் பார்த்துக்கொண்டு பேசத் தொடங்கினார்.

"அண்டைக்கும் நான் இஞ்ச புல்லு வெட்டிக்கொண்டிருந்தனான். அவ சமைச்சு மூடி வைச்சிட்டுப் போய்ப் படுத்தவ. நான் கை கழுவிப் போட்டு வந்து எழுப்பிறன், எழும்பேல்ல. நாப்பது வருசம் ஒண்டா இருந்தனாங்கள் தம்பி. ஒரு வார்த்தை சொல்லேல்ல."

நான் மெஷினைப் பிடித்தபடி நின்றேன்.

"எல்லாரும் வந்து, புண்ணியம் செய்தவ, நல்ல சாவு எண்டினம். எனக்கெண்டா அவவில சரியான கோவம். அந்தப் படத்துக்கு முன்னால நிண்டு, போ, போய்த் தொலை எண்டு கத்தோணும் மாதிரி இருக்கும். என்னால ஏலேல்ல. நீர் கத்திப் போட்டீர்."

பிறகு வீட்டுக்குள் பார்த்து, தேத்தண்ணி ரெண்டு போடச் சொல்லி மாதங்கியைக் கூப்பிட்டார்.

கல்யாணம் நடந்தது. திவசத்தில் மாமியாரைத் திட்டிச் சம்மதம் வாங்கிய மாப்பிள்ளை என்றுதான் சிட்னிச் சொந்தங்கள் வரைக்கும் என்னை அறிமுகப்படுத்துகிறார்கள். இப்போது மாமாவுக்கு வயதாகிவிட்டது. தனியாகத்தான் இருப்பேன் என்று அடம்பிடித்து கிளேட்டனிலேயே இருக்கிறார். பாண் வாங்கக் கடைக்குப் போவதானாலும் சரி, மத்தியானம் சற்றுக் கண்ணயர்வதானாலும் சரி, எனக்கு ஒரு போன் வரும். நான் மீட்டிங்கில் இருந்தாலும் எழுந்து வெளியே போய் எடுத்துவிடுவேன்.

"தம்பி, சொல்லிப் போட்டுத்தான் போறன். பிறகு பாட்டுப் படிக்காதையும்."