மகாராணி மகாராஜாவான வழக்கு

இந்தக் காலத்து ஜனங்களுக்கு நம்புவதில் ஒரு அளவே இல்லாமல் போய்விட்டது. மைக்கில் சொன்னால் நம்புகிறார்கள். பலகையில் எழுதி மாட்டினால் நம்புகிறார்கள். வெள்ளைக் கோட்டு போட்டுக்கொண்டு சொன்னால் கைதட்டி நம்புகிறார்கள். இப்படிப்பட்ட உலகம் இன்னும் கவிழாமல் நிற்கிறதென்றால், சந்தேகப்படுகிறவர்கள் ஒன்றிரண்டு பேர் மிச்சம் இருப்பதால்தான். எங்கள் மீன் காட்சிசாலையில் அந்தப் பொறுப்பை நான் ஏற்றிருந்தேன். சம்பளம் டிக்கெட் கிழிப்பதற்கு மட்டும்தான். சந்தேகம் இலவச சேவை.

காட்சிசாலையின் நடுவில் ஒரு பெரிய கண்ணாடித் தொட்டி. அதில் பாறை, பாறையில் பொந்து, பொந்துக்குள் ஒரு கலவா மீன். தடித்த உதடு, உடம்பெல்லாம் புள்ளி, யாரோ கடன் கேட்டுவிட்டது போன்ற முகம். பலகையில் 'மகாராணி' என்று பெயர். தினமும் காலையில் நான் அந்தப் பக்கம் போனால் பொந்திலிருந்து பாய்ந்து வந்து, வாயை அகலத் திறந்து, கண்ணாடியில் 'டம்'மென்று மோதும். வேறு யாருக்கும் இந்த மரியாதை கிடையாது. "எனக்கு வணக்கம் வைக்குது" என்று பார்வையாளர்களிடம் சொல்வேன். சிலர் என்னோடு நின்று படம்கூட எடுத்துக்கொண்டார்கள். நம்புகிற ஜனங்கள்தானே.

மீன்களுக்குப் பொறுப்பான அதிகாரி என் மருமகள். மீனைப் பற்றிப் படித்துப் பட்டம் வாங்கியவள். வீட்டில் சாப்பிட உட்கார்ந்தாலும் அதே பாடம்தான்.

"கலவா பவளப்பாறை இடுக்குலதான் மாமா இருக்கும். ஒரு பொந்தைப் பிடிச்சா லேசுல விடாது. யாரோடவும் சேராது. நாள் பூரா முறைச்சுக்கிட்டே உக்காந்திருக்கும். ஏதாவது கிட்ட வந்தா லபக்குனு உறிஞ்சி முழுசா முழுங்கிடும்."

"நீ மீனைப் பத்திச் சொல்றியா, என்னைப் பத்திச் சொல்றியா?"

"மீனைப் பத்தித்தான் மாமா."

என் மகன் தட்டைப் பார்த்துச் சிரித்தான். சந்தேகத்துக்குரிய சிரிப்பு.

ஒரு நாள் காலையில் பார்க்கிறேன், பலகையில் 'மகாராணி' இல்லை. 'மகாராஜா' இருக்கிறார். எனக்குப் புரிந்துவிட்டது. நம்முடைய பெண் மீனை யாரோ அமுக்கிவிட்டு, எங்கிருந்தோ ஒரு ஆண் மீனைக் கொண்டுவந்து போட்டிருக்கிறார்கள். நேரே மேனேஜர் அறைக்குப் போனேன்.

அங்கே 'வெளிப்படைத்தன்மை வாரம்' நடந்துகொண்டிருந்தது. அதாவது, கதவைத் திறந்து வைத்திருந்தார்கள்.

"சார், மீன்ல ஆள்மாறாட்டம் நடந்திருக்கு."

மேனேஜர் எழுந்து வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். "பெரியவரே! வாரம் முடியப்போகுது, ஒரு புகார்கூட வரலையே, மேலிடத்துக்கு என்ன பதில் சொல்றதுன்னு முழிச்சுக்கிட்டிருந்தேன். தெய்வம் மாதிரி வந்தீங்க!"

உடனே 'உயர்நிலை உண்மை கண்டறியும் குழு' அமைக்கப்பட்டது. தலைவர் மேனேஜர். உறுப்பினர் எலக்ட்ரீஷியன், மீனைப் பற்றி ஒன்றுமே தெரியாதவர் என்பதால் 'நடுநிலையாளர்'. தொட்டியைச் சுற்றிக் கயிறு கட்டி யாரும் போகக்கூடாது என்றார்கள். மீனுக்குப் பொறுப்பான அதிகாரி தற்காலிகமாக நீக்கம். குற்றம் உறுதியானால் வீட்டுக்கு அனுப்பிவிடுவது என்று முடிவானது.

அந்த அதிகாரி யார் என்பது சாயங்காலம் வீட்டுக்குப் போய் அவள் முகத்தைப் பார்த்த பிறகுதான் எனக்கு உறைத்தது. சந்தேகப்படுகிறவனால் யோசிக்கவும் முடியாது. ஒரு மண்டையில் ஒரு வேலைதான் நடக்கும்.

டீயைக் கொண்டுவந்து வைத்தாள். சத்தமாக வைத்தாள்.

"புகார் கொடுத்த புண்ணியவான் யாருன்னு எனக்குத் தெரியும் மாமா."

"நான் மீனைத்தான் சொன்னேன். உன்னைச் சொல்லலையே."

"கலவா பொண்ணாத்தான் வளரும். வயசாகிப் பெருசானா சிலது ஆணா மாறும். அது இயற்கை. அதான் நான் பலகையை மாத்தினேன். போன வாரமே சொன்னேன். 'போம்மா, என் காதுல பூ சுத்தாதே'ன்னீங்க."

"பின்ன? வயசானா முடி கொட்டும், பல்லு ஆடும். அம்மா அப்பாவாகுமா?"

"பலகையைப் பார்த்தீங்களே, மீனைப் பார்த்தீங்களா?"

பலகையை நம்புகிற ஜனங்களைப் பற்றி முதலிலேயே சொன்னேன். டீ ஆறிப்போயிருந்தது.

மறுநாள் விசாரணை. தொட்டியின் முன்னால் நாற்காலிகள் போட்டிருந்தார்கள். மீன் பொந்தைவிட்டு வெளியே வரவில்லை. "ஒத்துழைப்பு இல்லை," என்று மேனேஜர் கவலையோடு சொன்னார். எலக்ட்ரீஷியன் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, "வயரிங் நல்லா இருக்கு சார்," என்றார்.

மருமகள் எழுந்தாள். "புது மீனா இருந்தா இங்க யாரையும் அதுக்குத் தெரியாது. பழைய மீனுக்கு ஒரே ஒருத்தரைத் தெரியும். எல்லாரும் ஒவ்வொருத்தரா முன்னாடி போங்க."

மேனேஜர் டையைச் சரிசெய்துகொண்டு போனார். அசைவில்லை. எலக்ட்ரீஷியன் போனார். வாலைக் காட்டியது. அடுத்தது நான். மீன் வந்தால் என் பேச்சு பொய். வராவிட்டால் அவள் வேலை போகும். அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். போனேன்.

பாய்ந்து வந்தது. வாயைத் திறந்தது. 'டம்!'

"பார்த்தீங்களா, எனக்கு வணக்கம் வைக்குது!" என்று என்னையும் மறந்து கத்திவிட்டேன்.

"அது வணக்கம் இல்ல மாமா," என்றாள் மருமகள். "தன் பொந்துக்கிட்ட வேற கலவா வந்தா இப்படித்தான் துரத்தும். உங்களை இன்னொரு கிழட்டுக் கலவான்னு நினைச்சுக்கிட்டிருக்கு."

குழு சிரித்தது. நடுநிலையாளர் அதிகமாகச் சிரித்தார். மீன் பழைய மீனே என்றும், அதிகாரி குற்றமற்றவர் என்றும் தீர்ப்பானது. அதோடு விட்டார்களா? வாரத்தின் ஒரே புகார்தாரர் என்பதால் எனக்கு 'விழிப்புணர்வுச் செம்மல்' பட்டம் கொடுத்து, தோளில் சால்வை போட்டார்கள். மருமகள் வேலை இரண்டு நாள் ஊசலாடியதற்கு இவ்வளவு மரியாதை.

"இப்பவாவது நம்புறீங்களா மாமா?" என்று அவள் கேட்டாள். குரலில் கோபம்கூட இல்லை.

"கண்ணாடியில ஏதோ வேலை பண்ணி வச்சிருக்கீங்க," என்று சொல்லிவிட்டு, சால்வையோடு என் டிக்கெட் கூண்டைப் பார்த்து நடந்தேன். கூண்டுக்குள் ஒரு ஆள் உட்காரலாம். முன்னால் ஒரு சின்ன ஓட்டை. அதன் வழியாக வருகிறவர்களையெல்லாம் முறைத்துக்கொண்டிருக்கலாம்.

வயசானால் பெண் மீன் ஆண் மீனாகுமாம். போகட்டும், அதைக்கூட ஒரு நாள் நம்பித் தொலைக்கலாம். ஆனால் இந்த மாமனார் என்றைக்காவது மனுஷனாக மாறிவிட்டான் என்று யாராவது பலகை எழுதி மாட்டினால், முதல் புகார் என்னுடையதாகத்தான் இருக்கும்.