மசியாத மேனேஜருக்கு ஒரு மசியல்

மசியல் ஓடியது.

தட்டின் நடுவில் ஒரு கரண்டி வைத்துவிட்டு, அது அங்கேயே குவியலாக நிற்கும் என்று, புகார் என்று எல்லோரும் கூப்பிடும் அந்த மனிதர் காத்திருந்தார். அது நிற்கவில்லை. நாலு பக்கமும் பரவி, தட்டின் விளிம்பைத் தாண்டி, போதாதென்று சமையல் மேடையிலும் இறங்கியது.

"இது மசியலா, கஞ்சியா?" என்று கேட்டாள் மனைவி. சமையலறை வாசலில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். உள்ளே கால் வைக்கமாட்டேன் என்று காலையிலேயே சொல்லிவிட்டாள்.

"குக்கர்ல ரெண்டு விசில் கூட விட்டுட்டேன். அவ்வளவுதான்."

"காலிஃபிளவருக்கு எதுக்குங்க குக்கர்? அது பூ. கல்லுன்னு நினைச்சீங்களா?"

புகார் என்பது பெற்றவர்கள் வைத்த பெயரல்ல. மெத்தைக் கம்பெனி ஒன்றில் அவர் புகார்ப் பிரிவைக் கவனித்தார். மெத்தையில் குழி விழுந்துவிட்டது என்று போனில் கத்துகிறவர்களிடம், குழி மெத்தையில் இல்லை, நீங்கள் படுக்கிற விதத்தில் இருக்கிறது என்று நாள் முழுக்கப் பணிவாக விளக்குவதுதான் வேலை. அதனால் ஆபீசில் எல்லோருக்கும் அவர் புகார். கொஞ்ச நாளில் வீட்டிலும் அந்தப் பெயரே நிலைத்துவிட்டது.

அந்தக் கம்பெனியின் மேனேஜருக்கும் ஒரு பட்டப்பெயர் உண்டு. கிராம் சார். எடையைக் குறைக்கும்படி டாக்டர் அவரிடம் சொன்ன நாளிலிருந்து ஆபீஸ் மொத்தமும் இளைக்க ஆரம்பித்தது. கேன்டீனிலிருந்து உருளைக்கிழங்கை விரட்டினார். ஒருநாள் யாரோ ஒருவர் தட்டில் ஒரு துண்டு கிடைத்ததற்காகக் கேன்டீன்காரரையே மாற்றினார். வாசலில் எடை மெஷின் வைத்து, எல்லோரும் ஏறிவிட்டுத்தான் சீட்டுக்குப் போக வேண்டும் என்றார். அவரும் ஏறினார். அவர் ஏறும்போது மட்டும் மாதத்துக்கு மாதம் கூடுதலாகவே காட்டியது. மெஷினை மூன்று தடவை ரிப்பேருக்கு அனுப்பினார். மோசமான மெஷின் சார் என்று எல்லோரும் ஒருமனதாகச் சொன்னார்கள்.

லீவு, முன்பணம், கண்ணீர் எதற்கும் மசியாத மனிதர். ஆனால் மசியலைப் பற்றிப் பேச்செடுத்தால் உருகிவிடுவார்.

"எங்க வீட்ல காலிஃபிளவர் மசியல்தான்யா. வீட்டம்மா செய்வா. வாயில வச்சா உருளைக்கிழங்கா, காலிஃபிளவரான்னே தெரியாது. ஆனா வயித்துக்கு லைட்டு. உங்களுக்கெல்லாம் எங்க புரியப்போகுது?"

இதைத் தினமும் காலையில் ஒரு தடவை, மாலையில் ஒரு தடவை சொல்வார்.

இப்போது தூரத்திலிருந்த பஞ்சுக் கிடங்குக்கு ஓர் ஆள் தேவைப்பட்டது. அங்கே பஞ்சு உண்டு, காவலாளி உண்டு, வேறு எதுவும் கிடையாது. பக்கத்தில் பள்ளிக்கூடம்கூட இல்லை. கிராம் சார் புகாரைக் கூப்பிட்டு, உங்களைப் போடலாம்னு இருக்கேன் என்றார். புகார் கணக்குப் போட்டுப் பார்த்தார். மனைவிக்குப் பல் டாக்டரிடம் வேலை. விட்டுவிட்டு வர முடியாது. மகளுக்குப் பரீட்சை வருடம். அவர்கள் இருவரும் இங்கே, தான் மட்டும் பஞ்சோடு அங்கே. அந்தப் பயத்தில்தான் வாய் உளறியது.

"சார், எங்க வீட்லயும் தினம் காலிஃபிளவர் மசியல்தான் சார். நானே பண்றது."

கிராம் சார் முதல்முறையாக அவரை ஒரு மனிதனைப் போலப் பார்த்தார்.

"அப்படியா? அப்ப ஞாயித்துக்கிழமை மத்தியானம் நானும் வீட்டம்மாவும் சாப்பிட வர்றோம். கிடங்கு விஷயத்தை அதுக்கப்புறம் பேசிக்கலாம்."

வீட்டில் இதைச் சொன்னபோது மனைவி ஒரே வார்த்தையில் முடித்தாள்.

"பொய் சொன்னது நீங்க. நீங்களே கிண்டுங்க."

அதனால்தான் அந்த ஞாயிற்றுக்கிழமை, மகள் தோழி வீட்டுக்குப் படிக்கப் போயிருந்த நேரத்தில், புகார் ஓடுகிற மசியலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"தண்ணியைப் பிழிஞ்சுட்டா சரியாப்போகும்" என்றார்.

பிழியத் துணி வேண்டும். அலமாரியில் கம்பெனி இலவசமாகக் கொடுத்த தலையணை உறை புதிதாக, மடிப்புக் கலையாமல் இருந்தது. கருநீலம். மசியலை அதற்குள் கொட்டி, வாயைச் சுருட்டி, சுடச்சுட முறுக்கிப் பிழிந்தார். தண்ணீர் நன்றாக இறங்கியது. உறையைப் பிரித்தால் மசியலும் கெட்டியாகத்தான் இருந்தது. ஆனால் நீலமாக இருந்தது.

மனைவி எட்டிப் பார்த்தாள். "சாயம் போகவே போகாதுன்னு போன்ல அடிச்சுச் சொல்வீங்களே?"

"வெந்நீர்ல போகும்னு பின்னாடி சின்ன எழுத்துல போட்டிருக்கோம்."

"அதை உங்க மேனேஜர் தட்டுக்குப் பக்கத்துலயும் போட்டு வச்சிடுங்க."

புகார் யோசித்தார். நீலத்தை மறைக்க மஞ்சள்தூள் போட்டால் என்ன? சின்ன வயதில் ஓவிய வகுப்பில் ஒழுங்காக உட்கார்ந்திருந்தால் இந்த யோசனை வந்திருக்காது. ஒரு ஸ்பூன் மஞ்சள்தூள் போட்டுக் கிண்டினார். பச்சையாகிவிட்டது.

"பாசி" என்றாள் மனைவி.

பாசி குப்பைத்தொட்டிக்குப் போனது. புகார் செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் காய்கறிக் கடைக்கு ஓடினார். கடைசியாக இரண்டு பூ மீதி இருந்தது. இரண்டையும் வாங்கிக்கொண்டு மூச்சிரைக்கத் திரும்பினார்.

இந்தத் தடவை குக்கர் இல்லை. ஒரு பூவை மட்டும் ஆவியில் வேக வைத்தார். மிக்ஸியில் போட்டு அரைத்தார். ஓடவில்லை, ஆனால் உட்காரவும் இல்லை. சோம்பேறி மாதிரி சரிந்து கிடந்தது.

"லைட்டா வெண்ணெய் போட்டா நிக்கும்" என்று ஒரு கட்டி போட்டார். கொஞ்சம் நிமிர்ந்தது.

"லைட்டா சீஸ்." இன்னும் கொஞ்சம் நிமிர்ந்தது. ஆனால் இழுத்தால் நூல் நூலாக வந்தது.

நூலை இளக்க, "லைட்டா க்ரீம்." மறுபடியும் சரிந்தது. அதனால் மறுபடியும் வெண்ணெய். இப்படியே லைட்டு லைட்டாகப் போட்டு ஒரு பாக்கெட் வெண்ணெயும், சீஸ் டப்பாவும், க்ரீம் டப்பாவும் காலி.

மனைவி விரலால் தொட்டு நாக்கில் வைத்தாள். முகம் மலர்ந்தது.

"பிரமாதமா இருக்குங்க."

"நிஜமாவா?"

"நிஜமா. ஆனா இதைச் சாப்பிட்டா உடம்பு லைட்டா ஆகாது. ஆளோட லைட்டே அணைஞ்சிடும். அந்த மனுஷனுக்கு ஏதாவது ஆயிட்டா கிடங்கு இல்ல, உங்களை ஜெயிலுக்கு மாத்துவாங்க."

அவள் சொன்னது நியாயம்தான். அதுவும் தொட்டிக்குப் போனது. கடிகாரத்தைப் பார்த்த புகாருக்கு அழுகையே வந்துவிட்டது. மனைவிக்கும் இப்போது மனசு கேட்கவில்லை. சபதத்தை மீறி ஒரு காலை உள்ளே வைத்தாள்.

"ஏங்க, நான் ஒண்ணு சொல்லட்டா? ரெண்டு உருளைக்கிழங்கை வேக வச்சு மசிச்சு வச்சிடலாம். யாருக்குத் தெரியப்போகுது?"

"ஐயோ, வேற வினையே வேண்டாம்! அந்த ஆள் உருளைக்கிழங்கை வாசல்லயே மோப்பம் பிடிச்சிடுவார். கேன்டீன்காரன் கதி தெரியும்ல? வாய்ல வச்ச உடனே கண்டுபிடிச்சிடுவார். இனிமே ஏமாத்து வேலையே கிடையாது. வெறும் காலிஃபிளவர். உப்பு, மிளகுத்தூள். அவ்வளவுதான்."

நேர்மைக்கு எத்தனையோ காரணங்கள் உண்டு. புகாருடையது பயம். மீதியிருந்த ஒரு பூவைப் பொறுமையாக உதிர்த்து, பதமாக வேக வைத்து, ஆறவிட்டு, வெறும் கையாலேயே ஒட்டப் பிழிந்து, மத்தால் மசித்தார். வெள்ளை வெளேரென்று ஒரு கிண்ணத்தில் நின்றது. அசையவில்லை. வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு பொருளைக் குறையில்லாமல் செய்த திருப்தி அவருக்கு. அந்த நேரத்தில் அழைப்பு மணி அடித்தது.

கிராம் சார் உள்ளே வந்ததும் நாற்காலியை ஆராய்ந்தார், பிறகு உட்கார்ந்தார். நாற்காலி முனகியது. அவர் மனைவி அதிகம் பேசாத அம்மாள். கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, சாப்பாட்டு மேஜையில் எது மூடியிருக்கிறது என்று மட்டும் அடிக்கடி பார்த்தார்.

"எங்க, கொண்டாங்க. முதல்ல மசியல். மத்ததெல்லாம் அப்புறம்."

புகார் கிண்ணத்தைத் திறந்து, பக்தியோடு ஒரு கரண்டி வைத்தார். கிராம் சார் வாயில் போட்டார். மென்றார். நிறுத்தினார்.

"என்ன இது?"

"காலிஃபிளவர் மசியல் சார்."

"யாரை ஏமாத்தறீங்க?"

புகார் கரண்டியைக் கீழே வைத்தார்.

"சார், சத்தியமா சார். வெறும் காலிஃபிளவர்."

"காலிஃபிளவரை எனக்கே சொல்லித் தர்றீங்களா? மூணு வருஷமா சாப்பிட்டுட்டு இருக்கேன்யா! காலிஃபிளவர்னா வாயில வச்சதும் மாவு மாதிரி கரையணும். ஒரு இனிப்பு இருக்கணும். இதுல என்னவோ ஒரு வாடை அடிக்குது. முட்டைக்கோஸா? முள்ளங்கியா? எதைக் கலந்தீங்க?" தன் மனைவி பக்கம் திரும்பினார். "நீயே சொல்லு. நம்ம வீட்ல செய்யறது இப்படியா இருக்கும்?"

அந்த அம்மாள் ஒரு வாய் சாப்பிட்டுப் பார்த்தார். இன்னொரு வாய் எடுத்துக்கொண்டார்.

"இப்படி இருக்காதுங்க" என்றார்.

"கேட்டீங்களா!"

புகாருக்கு ரோஷம் வந்துவிட்டது. புகார்களுக்குப் பதில் சொல்லியே பழகிய மனிதர். ஆதாரம் காட்டாமல் விடுவாரா? சமையலறைக்குள் பாய்ந்து குப்பைத்தொட்டியையே தூக்கிக்கொண்டு வந்து மேஜைக்குப் பக்கத்தில் வைத்தார்.

"பாருங்க சார். காலிஃபிளவர் இலை. தண்டு. எல்லாம் இன்னிக்கு வாங்கினது சார்!"

கிராம் சார் குனிந்து பார்த்தார். இலை இருந்தது. தண்டு இருந்தது. அவற்றுக்கு மேல் வெண்ணெய் பாக்கெட் இருந்தது. சீஸ் டப்பாவும் க்ரீம் டப்பாவும் இருந்தன. ஓரத்தில் பச்சையாக ஒன்று இருந்தது.

"இதெல்லாம் என்னய்யா?"

"அது முந்தின மசியல் சார்."

"இந்தப் பச்சை?"

"அதுக்கும் முந்தினது சார். முதல்ல நீலமாத்தான் இருந்தது."

புகாரின் மனைவி கண்ணை இறுக மூடிக்கொண்டாள். கிராம் சார் எழுந்தார்.

"தினம் இதான் சாப்பிடறோம்னு என்கிட்டயே அளந்தீங்க இல்ல? வீடு பூரா வெண்ணெய், சீஸ். கேட்டா வெறும் காலிஃபிளவராம். எனக்கு வயித்தை ஏமாத்தறவனைக் கண்டாலே ஆகாது. நாளைக்குக் காலையில ஆர்டர் உங்க மேஜையில இருக்கும். பெட்டியைக் கட்டிக்கோங்க."

கையைக்கூடக் கழுவாமல் விறுவிறுவென்று வெளியே போய்விட்டார். கீழே கார்க் கதவு அறைந்து சாத்தப்படும் சத்தம் கேட்டது.

புகார் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். மனைவி அவரைத் திட்டவில்லை. பக்கத்தில் வந்து உட்கார்ந்து, பிழிந்து பிழிந்து சிவந்துபோயிருந்த அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். அதுதான் அவருக்குத் தாங்கவில்லை.

"உண்மையைச் செஞ்சு வச்சேனேடி" என்றார். குரல் உடைந்தது. "இன்னிக்குத்தான் ஒரு தடவை உண்மையைச் செஞ்சு வச்சேன்."

அப்போதுதான் மேனேஜரின் மனைவி இன்னும் போகவில்லை என்பதை இருவரும் கவனித்தார்கள். அந்த அம்மாள் தட்டில் மீதியிருந்த மசியலை துளிகூட விடாமல் சாப்பிட்டு முடித்துக்கொண்டிருந்தார். வாயைத் துடைத்துக்கொண்டு, வாசல் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டு, புகாரின் அருகில் வந்து குனிந்தார்.

"ஆர்டர் வராது தம்பி, அதை நான் பார்த்துக்கறேன், நீங்க மட்டும் இனிமே அந்த மனுஷன் கண்ணுல நிஜக் காலிஃபிளவரைக் காட்டிடாதீங்க, எங்க வீட்ல மூணு வருஷமா நான் மசிச்சுப் போடறது வெறும் உருளைக்கிழங்கு."