மேனேஜர் மன்னித்துவிட்டார்

உலகத்தில் மன்னிப்புக் கேட்கத் தெரியாதவர்கள் என்றொரு கூட்டம் உண்டு. அவர்களைப் பற்றி ஆளாளுக்கு எழுதியாகிவிட்டது. நான் சொல்ல வருவது அதைவிட ஒரு படி முன்னேறிய இனம். இவர்கள் மன்னிப்பைக் கேட்பதே இல்லை, கொடுத்துக்கொண்டே இருப்பார்கள். கேட்டவருக்கும் கொடுப்பார்கள், கேட்காதவருக்கும் கொடுப்பார்கள், ஐயா சாமி வேண்டாம் என்று கையெடுத்துக் கும்பிடுகிறவரைத் துரத்திக்கொண்டு போயும் கொடுப்பார்கள். நீங்கள் பார்த்திருப்பீர்கள். பார்க்காவிட்டாலும் அவர்கள் உங்களைப் பார்த்திருப்பார்கள். உங்களுக்கே தெரியாமல் இரண்டொரு முறை மன்னித்தும் இருப்பார்கள்.

எப்படிக் கண்டுபிடிப்பது? சுலபம். உங்கள் கையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொள்வார்கள். தலை கொஞ்சம் சாயும். குரல், ஆஸ்பத்திரி வராந்தாவில் பேசுவதைப் போல் இறங்கும். "நான் மனசுல ஒண்ணும் வச்சுக்கல" என்பார்கள். அவ்வளவுதான். அதுவரை நிம்மதியாக இருந்த நீங்கள், இவர் மனசில் வைத்துக்கொள்ளும்படி நாம் என்னத்தைச் செய்து தொலைத்தோம் என்று அன்றைக்கு முழுவதும் மண்டையைப் பிய்த்துக்கொள்வீர்கள். அவரோ பாரம் இறங்கி, பசியெடுத்து, வீட்டுக்குப் போய்ச் சாப்பிடுவார்.

எங்கள் சபையில் இந்த இனம் செழித்து வளர்வதற்கு ஒரு காரணம் இருக்கிறது. மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமை எங்களுக்குத் திருவிருந்து. அப்பத் தட்டு வரிசை வரிசையாக வரும். யாரோடாவது மனத்தாங்கல் இருந்தால் முதலில் போய் அதைச் சரிசெய்துவிட்டு வா, அப்புறம் தட்டில் கை வை என்பது எங்கள் வழக்கம். நல்ல வழக்கம்தான். சாதாரண ஜனங்களாகிய நாங்கள் சனிக்கிழமை சாயங்காலம் உட்கார்ந்து, யாரை நோகடித்தோம் என்று யோசிப்போம். யோசித்து, அவர்கள் இந்நேரம் மறந்திருப்பார்கள் என்று தேற்றிக்கொள்வோம். இவர்கள் அப்படி இல்லை. தங்களை யார் நோகடித்தார்கள் என்று யோசிப்பார்கள். யோசித்ததும் போனை எடுப்பார்கள்.

நான் வேலை பார்க்கும் மூக்குக் கண்ணாடிக் கடையின் மேனேஜர் தம் மனைவியின் தம்பிக்கு ஒரு சனிக்கிழமை போன் செய்ததை நான் பக்கத்தில் நின்றே கேட்டேன். ஸ்பீக்கரில்தான் பேசுவார், நல்ல காரியத்தை நாலு பேர் கேட்க வேண்டாமா?

"மாப்ள, உன்னை நான் முழுசா மன்னிச்சிட்டேன்."

"நான் என்ன மச்சான் பண்ணேன்?"

"அதையெல்லாம் நான் மறந்துட்டேன்பா."

"நீங்க மறந்துட்டீங்க, எனக்குத் தெரியவே தெரியாது. அப்ப இது யாருக்குத்தான் தெரியும்?"

"பாத்தியா, இந்த வாய்தான். சரி போ, இதையும் மன்னிச்சிட்டேன்."

அவருடைய மனைவியைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். வாரத்துக்கு மூன்று தடவையாவது அந்த அம்மாவுக்கு மன்னிப்புக் கிடைத்துவிடுகிறது. முதலில் காரணம் கேட்டுப் பார்த்தார். பிறகு அழுது பார்த்தார். இப்போது, "சரிங்க, அந்த ஈரத்துண்டை எடுத்து வெளியில போடுங்க" என்று சொல்லிவிட்டு அடுப்பைப் பார்க்கிறார்.

இவ்வளவு மன்னிக்கிறவர் தம்முடைய குற்றத்தை ஒத்துக்கொள்ளவே மாட்டாரோ என்று நினைத்துவிடாதீர்கள். நிறைய ஒத்துக்கொள்வார். மொத்தமாக ஒத்துக்கொள்வார். சில்லறையாகத்தான் முடியாது. சாட்சி சொல்லும் நேரத்தில் சபை நடுவே எழுந்து, கைக்குட்டையை எடுத்து, "என்னை மாதிரி ஒரு பாவி இந்த ஊர்லயே கிடையாது" என்று அழுவார். பெண்கள் பக்கத்திலிருந்தும் மூக்கு உறிஞ்சும் சத்தம் வரும். ஒரு தடவை ஆராதனை முடிந்து வெளியே வந்ததும் எங்கள் தச்சர் வெள்ளந்தியாக, "நீங்க சொன்னது சரிதாங்க, நானும் கவனிச்சிருக்கேன்" என்று சொல்லிவிட்டார். மூன்று மாதம் தச்சரோடு பேச்சு இல்லை. நான்காம் மாதம் திருவிருந்துக்கு முந்தின நாள் அவரையும் மன்னித்தாயிற்று.

இதுவரை சிரிப்பாகத்தான் இருந்தது. மெஷின் அக்கா விஷயத்துக்கு அப்புறம்தான் எனக்குச் சிரிப்பு கொஞ்சம் குறைந்தது.

எங்கள் கடையின் பின்னறையில் கண்ணாடியை ஃபிரேமுக்குத் தகுந்தபடி தேய்க்கும் மெஷின் ஒன்று இருக்கிறது. பதினெட்டு வருஷமாக அதில் உட்கார்ந்திருந்தவர் அந்த அக்கா. நாற்பது தாண்டி முன்மண்டை வெளுத்த என்னையும் "தம்பி" என்றுதான் கூப்பிடுவார். அவர் தேய்த்து ஒரு கண்ணாடிகூட மாறிப் போனதில்லை. அதைப் பற்றி அவர் பேசவும் மாட்டார், ஆனால் யாராவது அந்த மெஷினில் டம்ளரை வைத்தால் போதும், தொலைந்தார்கள். கடையின் முன்பக்கத்தில் மேனேஜர் வேலைச் சீட்டில் வலக்கண், இடக்கண் என்று பவரை எழுதிக் கம்பியில் குத்துவார். அக்கா அதைப் பார்த்துத் தேய்ப்பார். கவுன்ட்டரில் இருக்கும் நான் துடைத்து உறையில் போட்டுக் கொடுப்பேன். மூன்று பேரும் ஒரே சபை. கடையில் அவர் சார், இவர் "ஏம்மா". சபையில் அவர் அண்ணன், இவர் சகோதரி. இடையில் இரண்டு தெருதான்.

ஒரு நாள் ஒரு தையற்காரர் கொதித்துப்போய் வந்து நின்றார். புதுக் கண்ணாடி போட்ட நாள் முதல் தலைவலி, ஊசியில் நூல் கோக்க முடியவில்லை, போதாக்குறைக்கு ஒரு கல்யாணக் கோட்டின் இரண்டு கைகளையும் ஒரே பக்கம் தைத்துவைத்திருந்தார். பரிசோதித்துப் பார்த்தால், வலக்கண் பவர் இடக்கண்ணில், இடக்கண் பவர் வலக்கண்ணில். கடை முதலாளி கோயில் குளம் எதற்கும் போகாதவர். அவர் தையற்காரரிடம் நேராக, "தப்பு எங்களுதுங்க, மன்னிச்சுக்குங்க" என்று சொல்லி முடித்துவிட்டு உள்ளே திரும்பினார்.

"எப்படி மாறுச்சு?"

மேனேஜர் ஒரு பெருமூச்சு விட்டார். "தேய்க்கிற இடத்துல மாறியிருக்கு சார். பாவம், வயசாகுதுல்ல?"

"சீட்டுல இருந்ததைத்தான் தேய்ச்சேன் சார்" என்றார் அக்கா.

"இத்தனை வருஷம் எழுதுறவர் மாத்தி எழுதுவாராம்மா?" என்றார் முதலாளி. மறுநாள் முதல் அக்காவுக்கு முன்பக்கம் ஃபிரேம் துடைக்கும் வேலை. மெஷின் மேல் ஒரு துணியைப் போட்டு மூடிவிட்டார்கள். கண்ணாடிகள் வெளியே போய்த் தேய்ந்து வர ஆரம்பித்தன.

சாப்பாட்டு நேரத்தில் அக்கா பின்னறைக்குப் போய், கம்பியில் குத்தியிருந்த பழைய சீட்டுகளை ஒவ்வொன்றாகப் புரட்டினார். மூன்றாம் நாள் கிடைத்தது. மேனேஜரின் கையெழுத்து, குண்டு குண்டாக, இடமும் வலமும் மாறி.

நீங்களோ நானோ என்றால் அந்தச் சீட்டோடு முதலாளியிடம் ஓடியிருப்போம். அக்கா ஓடவில்லை. ஏனென்றால் எங்கள் சபையில் இன்னொரு ஒழுங்கும் உண்டு: ஒருவர் உனக்குத் தப்புச் செய்தால் முதலில் அவரிடம் தனியாகப் போய்ச் சொல், கேட்காவிட்டால் சாட்சிக்கு ஒருவரைக் கூட்டிக்கொண்டு போ, அதற்குப் பிறகுதான் மற்றவர்களிடம். பிரசங்கத்தில் இதைக் கேட்டு எல்லாரும் தலையாட்டுவோம். நடைமுறையில் அந்த ஒருவரை மட்டும் விட்டுவிட்டு ஊரெல்லாம் சொல்லி முடிப்போம். அக்காவுக்கு அந்தச் சாமர்த்தியம் போதாது. சொன்னால் சொன்னபடி செய்கிற ஆள்.

திருவிருந்துக்கு முந்தின சனிக்கிழமை, கடையில் என் கவுன்ட்டருக்குப் பக்கத்திலிருந்து அவர் சீட்டை எடுத்துக்கொண்டு மேனேஜரைத் தேடிப் போக எழுந்தார். போக வேண்டியிருக்கவில்லை. மேனேஜரே இரண்டு கைகளையும் நீட்டிக்கொண்டு வந்துகொண்டிருந்தார்.

"சகோதரி, அந்தக் கண்ணாடி விஷயத்துல உங்களை நான் மன்னிச்சிட்டேன். மனசுல ஒண்ணும் வச்சுக்கல."

அக்கா கையைக் கொடுக்கவில்லை. சீட்டைக் கொடுத்தார். மேனேஜர் வாங்கிப் பார்த்தார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தார். கண்ணாடியில் ஒரு கோளாறும் இல்லை. அது அக்கா தேய்த்தது.

"மனுஷங்கன்னா நடக்கிறதுதானே" என்றார் கடைசியில்.

"நடந்தது இல்லண்ணே. நீங்க எழுதினது. முதலாளிகிட்ட ஒரு வார்த்தை சொல்லிடுங்க. எனக்கு மெஷினைத் திருப்பிக் குடுப்பாங்க."

மேனேஜர் கண்ணை மூடிக்கொண்டார். நான் நினைத்தேன், மனிதர் உடைந்துவிட்டார், சொல்லிவிடப்போகிறார் என்று. உதடுகள் அசைந்தன. ஒரு நிமிஷம் கழித்துக் கண்ணைத் திறந்தபோது முகம் கழுவிவிட்டாற்போல் இருந்தது.

"ஆண்டவர்கிட்ட சொல்லிட்டேம்மா. அவர் மன்னிச்சிட்டார். அந்த விஷயம் அதோட முடிஞ்சது."

"ஆண்டவர் கடையில நான் வேலை பாக்கலையே, அண்ணே" என்றார் அக்கா.

மேனேஜர் அவரைப் பரிதாபமாகப் பார்த்தார். சீட்டைப் பத்திரமாக மடித்துத் திருப்பியே கொடுத்தார். கிழித்துப்போடவில்லை, அந்த அளவுக்குக் கெட்டவர் இல்லை. கெட்டவராக இருந்திருந்தால் எவ்வளவு சௌகரியமாக இருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றியது. கெட்டவனுக்குத் தப்புச் செய்தால் போக ஒரே ஒரு வாசல்தான் இருக்கிறது, யாருக்குச் செய்தானோ அவர் வீட்டு வாசல். பக்திமானுக்குக் கொல்லைப்பக்கமாகவும் ஒரு வழி இருக்கிறது.

மறுநாள் ஆராதனை. சாட்சி நேரத்தில் மேனேஜர் எழுந்தார். ஊரிலேயே பெரிய பாவி தாம்தான் என்று இந்த முறையும் அறிவித்தார். ஆனால் இந்த முறை நிஜமாகவே அழுதார். கைக்குட்டையை எடுக்க மறந்தே போனார். பின்வரிசையில் அக்கா, அவருக்குப் பக்கத்தில் நான். அக்கா என் பக்கம் குனிந்து, "இதுல அந்தச் சீட்டும் சேர்த்தியா தம்பி?" என்று கேட்டார். கேலி இல்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார்.

அப்பத் தட்டு வந்தது. மேனேஜர் எடுத்துக்கொண்டார். எங்கள் வரிசைக்கு வந்தபோது அக்கா எடுக்கவில்லை. மனத்தாங்கல் தீரவில்லை, அதனால் எடுக்கக்கூடாது, அவர் கணக்கு அவ்வளவு நேரானது. தட்டை என் கையில் கொடுத்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார். முன்வரிசையில் இரண்டு தலைகள் திரும்பின. ஒரு சித்தி இன்னொரு சித்தியின் காதில் எதையோ சொன்னார். ஆராதனை முடிந்து படியிறங்குவதற்குள், மெஷின் அக்காவிடம் ஏதோ பெரிய பாவம் இருக்கிறது என்று சபைக்கே தெரிந்துவிட்டது. அவருக்காக விசேஷமாக ஜெபிக்கும்படி போதகரிடம் மனமுருகிக் கேட்டுக்கொண்டவர் யார் தெரியுமா? சொல்ல வேண்டுமா?

அக்கா படியோரம் என்னை நிறுத்தினார்.

"தம்பி, தனியா சொல்லிப் பாத்துட்டேன். இனி சாட்சிக்கு ஒருத்தர் வேணும். நாளைக்கு என்கூட மேனேஜர் அண்ணன்கிட்ட வர்றீங்களா, அப்பவும் கேக்கலைன்னா முதலாளிகிட்ட? அந்தச் சீட்டு எழுதுறப்ப நீங்க அங்கதானே இருந்தீங்க?"

இருந்தேன். எங்கள் கடையில் டாக்டர் எழுதிக்கொடுத்த தாளைப் பார்த்து ஒருவர் வாசிக்க, ஒருவர் எழுதுவது வழக்கம். எழுதியவர் மேனேஜர். அன்றைக்கு வாசித்தவன் நான். பேச்சு சுவாரசியத்தில் எதை முதலில் வாசித்தேன், வலமா இடமா, சத்தியமாக ஞாபகம் இல்லை. ஞாபகப்படுத்திப் பார்க்கவும் நான் பெரிதாக முயலவில்லை. அப்பத்தை எடுத்து வாயில் போட்டுப் பத்து நிமிஷம்கூட ஆகியிருக்கவில்லை. எனக்கு முகமெல்லாம் எரிந்தது. அக்காவின் கையை என் இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு, "ஜெபம் பண்ணிட்டுச் சொல்றேன்கா" என்றேன்.

மூன்று வாரமாக ஜெபித்துக்கொண்டிருக்கிறேன். அக்கா ஃபிரேம் துடைத்துக்கொண்டிருக்கிறார். என்னைப் பார்க்கும்போதெல்லாம் ஒன்றும் கேட்காமல் புருவத்தை மட்டும் கொஞ்சம் உயர்த்துகிறார். இன்னும் பதில் வரவில்லை அக்கா என்று நானும் மேலே கையைக் காட்டுகிறேன்.

அட, இதற்குப் போய் ஜெபம் வேண்டுமா, நாலு எட்டு வைத்து முதலாளி அறைக்குப் போய்ச் சொன்னால் என்ன என்று உங்களுக்குக் கோபம் வருகிறது. வரட்டும், நியாயமான கோபம். நீங்களாக இருந்தால் மறுநாள் காலையிலேயே போய்ச் சொல்லியிருப்பீர்கள், இல்லையா?

"ஆமாம்" என்று எவ்வளவு வேகமாகச் சொன்னீர்கள்! உங்களிடம் ஒரு சீட்டையும் நான் இன்னும் நீட்டவில்லை.