ஆஷ்விக் கஞ்சித்தொட்டியை மூடிய வாரம்

ஆஷ்விக், டார்பிஷயர்
1877 மார்ச் 9, வெள்ளி

என் பெருமதிப்புக்குரிய கெசையா அக்கா அவர்களுக்கு,

தம்பி டைட்டஸ் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு எழுதுவது. ஆண்டவர் கிருபையால் இடது முழங்கால் நீங்கலாக நான் சுகம். அத்தானின் மூச்சிரைப்பு எப்படியிருக்கிறது, உங்கள் பன்றிகள் குளிரைத் தாங்கினவா என்று அறிய ஆவல். நீங்கள் அனுப்பிய பாலாடைக்கட்டி வந்து சேர்ந்தது. அது வராமலிருந்தால் இந்தக் கடிதத்தை எழுத நான் இருந்திருப்பேனா என்பது சந்தேகம். அந்தக் கதையைத்தான் சொல்லப்போகிறேன்.

மூன்று வாரமாக ஏன் ஒரு வரிகூட இல்லை என்று கோபித்திருப்பீர்கள். அக்கா, நான் பிரமித்துப்போய் உட்கார்ந்துவிட்டேன். முப்பத்தொரு வருஷம் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்தவன். ராணியம்மாவின் தனி ரயில் எங்கள் பிளாட்பாரத்தில் பதினொரு நிமிஷம் நின்றபோதுகூட வாய் பிளக்காதவன். என் வாயைப் பிளக்க வைத்தவர் மிஸ்டர் ஆம்ப்ரோஸ் தெல்வெல். லண்டன் தத்துவ அறிஞர். எங்கள் வாசகசாலையில் சொற்பொழிவாற்ற வந்தார். செயலாளர் என்ற முறையில் நான்தான் தங்க இடம் தர வேண்டும். ஒரு நாளைக்கு என்று சொன்னவர் மூன்று டிரங்குப் பெட்டி நிறையக் குறிப்பேடுகளோடு ரயிலை விட்டு இறங்கினார். எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும்.

சனிக்கிழமை பிற்பகல், ஜன்னலுக்கெல்லாம் கம்பளியைத் தொங்கவிட்டு, மாய விளக்கால் சுவரில் படம் படமாகக் காட்டினார். முதல் படம் வெறும் கூழ்த்துளி. கையில்லை, காலில்லை, அதற்கு வாயும் வயிறும் ஒன்றே. அடுத்தது மீன், அடுத்தது பல்லி, அப்புறம் குரங்கு. அதுவரை எல்லாரும் அரைகுறையாகக் கேள்விப்பட்டதுதான், பேக்ஷா பாதிரியார் கொட்டாவிகூட விட்டார். ஆனால் விளக்கு அதோடு நிற்கவில்லை அக்கா! குரங்குக்குப் பிறகு மனிதன், மனிதனுக்குப் பிறகு ஒரு குடிசை, பிறகு பத்துக் குடிசை, கோட்டை, சந்தை, நூல் ஆலை, கடைசியில் பாராளுமன்றம். "கூழுக்கு எந்த விதியோ அதேதான் நாட்டுக்கும். எளியது சிக்கலாகிறது, ஒன்று பலவாகப் பிரிகிறது, பிரிந்தவை ஒன்றையொன்று தாங்கி நிற்கின்றன. சமூகம் ஓர் உயிருள்ள உடம்பு!" என்றார். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் மூன்றாம் வகுப்புக்குக் கூரை கிடையாது, மாடும் மனிதனும் ஏறக்குறைய ஒரே வண்டி. இன்றோ பெண்களுக்கு ஒரு பெட்டி, புகைப்பவர்களுக்கு ஒரு பெட்டி, பாலுக்கு, தபாலுக்கு, மீனுக்கு என்று தனித்தனிப் பெட்டிகள். என் மூக்குக்கு முன்னால் முப்பத்தொரு வருஷமாகப் பரிணாமம் போய்க்கொண்டிருந்திருக்கிறது. அது என்னவென்றே தெரியாமல் நான் அதற்குப் பச்சைக்கொடி காட்டிக்கொண்டிருந்திருக்கிறேன்!

கேள்வி நேரத்தில் டார்கஸ் வீட்கிராஃப்ட் எழுந்தாள். உங்களுக்குத் தெரியாதவள், வாட்டர் ரோ என்னும் தெருவில் துணி வெளுக்கும் விதவை, எங்கள் கஞ்சித்தொட்டியில் சமைப்பவளும் அவள்தான்.

"ஐயா, சமூகம் ஒரு உடம்புன்னீங்களே. அதுல நான் எங்க இருக்கேன்?"

"நீங்களா அம்மா? உழைப்பவர்கள் எல்லாரும் வயிறும் குடலும் மாதிரி. உடம்புக்கு ஊட்டம் உங்க கிட்டேருந்துதான்."

"அப்ப நீங்க?"

"நாங்க... நரம்பு. மூளைன்னும் சொல்லலாம்."

"சரிதான். குடல் நின்னா மூளைக்குச் சேதி எப்ப வரும்னு சொல்லுங்க, தெரிஞ்சு வெச்சுக்கறேன்" என்று சொல்லி உட்கார்ந்துவிட்டாள். சபை சிரித்தது. மிஸ்டர் தெல்வெல் கோபிக்கவில்லை, குறிப்பேட்டில் அதை எழுதிக்கொண்டார். அப்படிப்பட்ட பெருந்தன்மை.

வினை என் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் வந்தது. ஆட்டிறைச்சியை இரண்டாம் முறை பரிமாறிக்கொண்டே மிஸ்டர் தெல்வெல் என்னிடம் சொன்னார்: "மிஸ்டர் அல்சாப், வாழ்க்கைப் போட்டியில தகுதியுள்ளது தங்கும், மற்றது உதிரும். தர்மம்கிற பேர்ல நாம குறுக்க கை நீட்டறோம். செடியைக் கம்பு வெச்சுக் கட்டினா தண்டு எப்படி வலுக்கும்?" அந்தக் கூழ்த்துளியிலிருந்து பாராளுமன்றம் வரை பார்த்துவிட்டு வந்தவர் சொல்லும்போது நான் யார் மறுப்பதற்கு? ஆலை கிறிஸ்துமஸிலிருந்து வாரம் மூன்று நாள்தான் ஓடுகிறது என்பதும், வாட்டர் ரோ ஜனங்கள் தினம் எங்கள் கஞ்சித்தொட்டி முன்னால் தகரக் குவளையோடு நிற்கிறார்கள் என்பதும் எனக்குத் தெரியும். தெரிந்தும் திங்கட்கிழமை கஞ்சித்தொட்டிக் கமிட்டியில் எழுந்து, பரீட்சார்த்தமாக ஒரு வாரம் கஞ்சியை நிறுத்த வேண்டும் என்று தீர்மானம் கொண்டுவந்தேன்.

பேக்ஷா பாதிரியார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். "டைட்டஸ், சமூகவியல், 'சோஷியாலஜி'ன்னு உங்க ஆள் சொல்றாரே, அந்த வார்த்தையே ஒரு கோவேறு கழுதை. தலை லத்தீன், வால் கிரேக்கம். அதை நம்பியா ஏழைங்க கஞ்சியை நிறுத்தறீங்க?"

"மலை மேல சுமை ஏத்தறது கோவேறு கழுதைதான் ஐயா" என்றேன். எங்கிருந்து அந்தப் பதில் வந்ததோ! அதன் அழகில் நானே மயங்கிவிட்டேன். கமிட்டியும் மயங்கி நாலுக்கு மூன்று என்று தீர்மானம் நிறைவேறிவிட்டது. "இயற்கை விதியை முன்னிட்டு ஒரு வாரம் கஞ்சி இல்லை" என்று என் கையாலேயே எழுதி, ஸ்டேஷன் பலகைகளை எழுதிவந்த அதே அழகான எழுத்தில், கதவில் மாட்டினேன். டார்கஸ் வந்து அதை நின்று வாசித்தாள். சண்டை போடுவாள் என்று நினைத்தேன். அவளுடைய அகப்பையை மட்டும் ஆணியிலிருந்து எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

முதல் அடி செவ்வாய்க்கிழமை காலையில். என் வீட்டைப் பார்த்துக்கொள்ளும் மஹாலா, முக்காட்டைக் கட்டிக்கொண்டு வாசலில் நிற்கிறாள். "எங்க அக்கா வாட்டர் ரோவுல ஆறு புள்ளைங்களோட இருக்கா, ஸ்டேஷன் மாஸ்டர் ஐயா. தகுதியுள்ளவங்க நீங்க ரெண்டு பேரு இருக்கீங்கள்ல, நீங்களே அடுப்பைப் பத்த வெச்சுக்குங்க." போய்விட்டாள். அக்கா, இங்கிலாந்தின் தலைசிறந்த மூளைகளில் ஒன்றும் ஓய்வுபெற்ற ஒரு ஸ்டேஷன் மாஸ்டரும் சேர்ந்து ஒரு முட்டையை வேகவைக்க எவ்வளவு நேரம் ஆகும் என்று நினைக்கிறீர்கள்? என் சட்டைப்பைக் கடிகாரப்படி ஒரு மணி நாற்பது நிமிஷம், அதில் ஐம்பது நிமிஷம் புகைபோக்கியில் பிடித்த தீயை அணைக்கப் போயிற்று. முட்டை கடைசியில் கல்லாகத்தான் கிடைத்தது. அன்று முதல் உங்கள் பாலாடைக்கட்டிதான் காலையும் மாலையும்.

மிஸ்டர் தெல்வெல் இதற்கெல்லாம் அசரவில்லை. அவர் ஒரு பெரிய தாளில் கட்டம் போட்டு, பலம், தந்திரம், ஒதுங்கல், அழிவு என்று தலைப்பிட்டு, மடக்கு நாற்காலியோடு வாட்டர் ரோ முனையில் பனியில் போய் உட்கார்ந்துவிட்டார். வாழ்க்கைப் போட்டி எப்போது ஆரம்பிக்கும் என்று பார்க்க வேண்டுமாம். நான் குடை பிடித்தேன். எதிர் வீட்டு வாசலில் இரண்டு பெண்கள் பேசிக்கொண்டார்கள்.

"யாருடி அது?"

"பசியை எண்ணறாராம்."

"எண்ணட்டும், எண்ணட்டும். காது பாரு, பீட்ரூட் மாதிரி ஆயிருச்சு. உள்ள நம்ம வீட்டுக்காரர் குல்லா இருக்கும், எடுத்துக் குடு."

குல்லாவைக் கொடுத்தார்கள், அவரும் போட்டுக்கொண்டார். அதை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று தெரியாமல் ஓரத்தில் ஒரு கேள்விக்குறி போட்டார். செவ்வாய், புதன் இரண்டு நாளும் கேள்விக்குறிகள்தான். யாரும் யாரையும் அடிக்கவில்லை, பறிக்கவில்லை. ஒருத்தி சால்வைக்குள் நாலு வெங்காயத்தை மறைத்துக்கொண்டு ஓடினாள், "தந்திரம்!" என்று மிஸ்டர் தெல்வெல் பென்சிலை எடுத்தார்; அவளோ அதை டார்கஸ் வீட்டுக் கதவைத் தட்டி உள்ளே கொடுத்துவிட்டுக் கையை வீசிக்கொண்டு திரும்பினாள்.

வியாழக்கிழமை மிஸ்டர் தெல்வெல் படுத்துவிட்டார். நெருப்பாய்க் காய்ச்சல். பனியில் சாலை அடைபட்டு டாக்டர் வர வழியில்லை. அடுப்பு என் பேச்சைக் கேட்கவில்லை. பாலாடைக்கட்டியில் தோல்தான் மிச்சம். அவர் தூக்கத்தில் "அழிவு, கட்டம் நாலு, அழிவு" என்று முனகினார். இவ்வளவு பெரிய அறிவு என் வீட்டுக் கட்டிலில் அணைந்துபோனால் நான் நாட்டுக்கு என்ன பதில் சொல்வேன்? உட்கார்ந்து அழுதேன், அக்கா. உங்களிடம் மறைப்பானேன்.

நடுப்பகலில் கதவு திறந்தது. தட்டவெல்லாம் இல்லை. டார்கஸ், கையில் மூடிபோட்ட தகரத் தூக்கு, பின்னால் மஹாலா, இடுப்பில் விறகு. "குடல்லேருந்து சேதி வந்துருக்கு, மூளை முழிச்சிருக்கா?" என்று கேட்டுக்கொண்டே கட்டிலுக்குப் போனாள். பார்லியும் எலும்பும் போட்டுக் கொதித்த சாறு. அந்த மணம் எட்டியதும் மிஸ்டர் தெல்வெல் கண்ணைத் திறந்து, தலையைத் திருப்பிக்கொண்டார்.

"வேண்டாம் அம்மா. என் கொள்கைப்படி... நான் இப்ப தகுதியில்லாதவன். எனக்கு எதுக்குத் தரீங்க?"

"வாயைத் தொறங்க. கேள்வி அப்புறம்."

திறந்தார். தூக்கு காலியாகும்வரை கேள்வியே கேட்கவில்லை.

சனிக்கிழமை அவருக்குக் காய்ச்சல் விட்டது. தூக்கைத் திருப்பிக் கொடுக்க நான் வாட்டர் ரோவுக்குப் போனேன். போர்வையைச் சுற்றிக்கொண்டு, அந்தக் குல்லாவோடு அவரும் கூடவே வந்தார். டார்கஸின் வெளுப்புக் கொட்டகைக் கதவைத் தள்ளினோம். அக்கா, அங்கே நான் பார்த்ததை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. துணி வெளுக்கிற அந்தப் பெரிய செம்பு அண்டா அடுப்பில் கொதிக்கிறது. சுற்றிலும் ஐம்பது அறுபது பேர். ஒரு கிழவர் டர்னிப் சீவுகிறார், பக்கத்திலிருப்பவர் நறுக்குகிறார், ஆலைப் பெண்கள் நாலு பேர் கிணற்றிலிருந்து வாளியைக் கைமாற்றி அனுப்புகிறார்கள், ஒரு கண் தெரியாதவர் குவளைகளைத் துடைக்கிறார், படுக்கையில் கிடப்பவர்களுக்கென்று பதினாலு தூக்குகள் தனியாக வரிசையில் நிற்கின்றன. யாரும் யாருக்கும் உத்தரவு போடவில்லை. விசில் இல்லை, கொடி இல்லை, அட்டவணை இல்லை. ஒரு கை நீளும்போது அதற்கு வேண்டியது இன்னொரு கையில் தயாராக இருக்கிறது. முப்பத்தொரு வருஷத்தில் என் ஸ்டேஷனில் ஒரு நாள், ஒரே ஒரு நாள், அப்படி ஓடியிருந்தால் நான் நிம்மதியாகக் கண்ணை மூடியிருப்பேன். என்னையறியாமல் தொப்பியைக் கழற்றினேன். கோயிலில்கூட நான் அப்படி நின்றதில்லை.

மிஸ்டர் தெல்வெல் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டார். "மிஸ்டர் அல்சாப்," என்றார், மிக மெதுவாக, "இருபது வருஷமா நான் எழுதிக்கிட்டிருக்கற உடம்பு இதுதான். இதுவரைக்கும் நான் பார்த்ததே இல்லை."

"பார்த்தது போதும், குளிர் உள்ள வருது," என்றாள் டார்கஸ். "கதவைச் சாத்திட்டு வந்து உக்காருங்க. டர்னிப் சீவத் தெரியுமா?"

தெரியவில்லை. தோலோடு பாதிக் கிழங்கும் போயிற்று. இடப்பக்கத்துக் கிழவர் சத்தமில்லாமல் அவர் கையிலிருந்து கத்தியை வாங்கி, பிடிக்கும் விதத்தைக் காட்டிவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். நான் தண்ணீர் வரிசையில் நின்றேன். முழங்கால் போனது அங்கேதான்.

திங்கட்கிழமை கமிட்டியில் நானே எழுந்து மன்னிப்புக் கேட்டு, பலகையைக் கழற்றி அடுப்பில் போட்டேன். கஞ்சித்தொட்டி திறந்தாகிவிட்டது. வரிசையில் வருகிறவர்களுக்கு வாரத்தில் மூன்று நாள் நானே ஊற்றிக் கொடுக்கிறேன். டார்கஸ் போட்ட தண்டனை அது. என் தீர்மானத்தால் ஐந்து நாள் அந்த ஜனங்கள் வீட்டிலிருந்த கடைசி வெங்காயத்தைத் தந்துதான் அந்த அண்டாவை நிரப்பினார்கள். அதை நினைத்தால் எனக்குத் தலை நிமிரவில்லை. சமூகம் ஓர் உடம்பு என்று அவர் சொன்னது சத்தியம் அக்கா. உடம்பென்று தெரிந்த பிறகு அதில் எதை வெட்டலாம் என்று தேடக்கூடாது என்பதை மட்டும் கஞ்சி குடித்துக் கற்றோம். மிஸ்டர் தெல்வெல் போகும்போது டார்கஸின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, தன் புத்தகத்தின் ஏழாம் அத்தியாயத்தைத் திருத்தி எழுதப்போவதாக வாக்களித்தார். ரயில் வளைவில் மறையும்வரை நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு நின்றேன்.

அத்தானுக்கு என் வணக்கம். பன்றிகள் பெருகட்டும், மூச்சிரைப்பு குறையட்டும், உங்கள் கூரையில் ஒழுகல் இல்லாதிருக்கட்டும் என்று பிரார்த்திக்கும்,

உங்கள் பணிவுள்ள தம்பி,
டைட்டஸ் அல்சாப்

பி.கு.: உறையை ஒட்டப்போகும் நேரத்தில் தபாலில் திருத்திய ஏழாம் அத்தியாயம் வந்தது. பிரமாதம், அக்கா! கஞ்சியை நிறுத்திய ஐந்தே நாளில் ஆஷ்விக் மக்களிடம் பரஸ்பர உதவி என்னும் உயர்ந்த உறுப்பு முளைத்ததை அவர் தம் கண்ணால் கண்டதாகவும், எனவே இங்கிலாந்திலுள்ள எல்லாக் கஞ்சித்தொட்டிகளையும் உடனடியாக மூட வேண்டும் என்றும் எழுதியிருக்கிறார். வாதத்தில் எங்கேயோ ஓட்டை இருக்கிறது என்று தோன்றி மூன்று தடவை படித்தேன். நடையின் கம்பீரத்தில் அது கண்ணில் படவில்லை. நாலாம் தடவை எனக்கே சரியென்று பட்டுவிட்டது. டார்கஸிடம் இன்னும் சொல்லவில்லை. என் சிபாரிசின் பேரில், வருகிற வியாழக்கிழமை உங்கள் ஊர் வாசகசாலையில் இதையே பேச வருகிறார். தங்குவது உங்கள் வீட்டில். ஒரு நாள்தான் என்று சொல்லியிருக்கிறார்.